லாக்ஸ்டன்: வேலி போடாத ஓர் ஆங்கிலக் கிராமம்

இங்கிலாந்துக் கிராமம் என்றதும் பலருக்கும் மனதில் வரும் படம் ஒன்றுதான். கல்லால் கட்டிய பழைய தேவாலயம், பக்கத்தில் ஒரு பப், சுற்றிலும் பச்சை வேலிகள் கட்டம் கட்டமாகப் பிரித்துவைத்த வயல்கள். தேவாலயம் பழசுதான், சந்தேகமில்லை. ஆனால் அந்தக் கட்டங்கள் அப்படியல்ல. மத்திய இங்கிலாந்தின் பல பகுதிகளில் அந்த வேலிகளுக்கு வயது இருநூறு, இருநூற்றைம்பது ஆண்டுகள்தான். அதற்கு முன்பு பல நூற்றாண்டுகளாக அங்கே வயலுக்கு வேலியே கிடையாது. ஊரைச் சுற்றி இரண்டு மூன்று பெரும் வயல்கள் இருக்கும். ஒவ்வொரு வயலிலும் ஊரில் உள்ள பல குடும்பங்களுக்கும் அங்கொன்றும் இங்கொன்றுமாக நிலம் இருக்கும். இதைத்தான் திறந்த வயல் முறை என்கிறார்கள்.

அந்த முறை இங்கிலாந்து முழுவதும் கிட்டத்தட்ட மறைந்துவிட்டது. டெவனில் உள்ள பிரான்டன் போன்ற ஓரிரு இடங்களில் வயலின் வடிவம் மட்டும் மிஞ்சியிருக்கிறது. வயலும், அதை நிர்வகிக்கும் ஊர் நீதிமன்றமும் சேர்ந்தே இன்றும் இயங்குவது நாட்டிங்ஹாம்ஷயரில் உள்ள லாக்ஸ்டன் என்ற சின்னக் கிராமத்தில்தான். ஆங்கிலேயக் கிராமம் என்பது எப்படி உருவானது, அதை எது கட்டிவைத்திருந்தது என்று புரிந்துகொள்ள இந்த ஒரு ஊரைப் பார்த்தாலே போதும் என்பது என் எண்ணம்.

முதலில் ஒரு குழப்பத்தைத் தீர்த்துவிடலாம். திறந்த வயல் என்றால் பொதுச்சொத்து என்று பலர் நினைக்கிறார்கள். இல்லை. ஒவ்வொரு துண்டு நிலத்துக்கும் உரியவர் ஒருவர் உண்டு. அதில் விளைவது அவருடையது. எதைப் பயிரிடுவது, எப்போது விதைப்பது, எப்போது அறுப்பை முடிப்பது, எப்போது மாட்டை மேயவிடுவது என்ற முடிவுகள்தான் பொது. நிலம் தனி, நாட்காட்டி பொது. இந்த ஒரு விஷயம் பிடிபட்டுவிட்டால் மற்றதெல்லாம் தானாக விளங்கிவிடும்.

மூன்று வயல்கள், மூன்று ஆண்டுகள்

லாக்ஸ்டனில் இன்று மிஞ்சியிருக்கும் வயல்கள் மூன்று: மேற்கு வயல், தெற்கு வயல், ஆலை வயல். மூன்றும் சேர்ந்து சுமார் 480 ஏக்கர். ஒரு வயலில் இலையுதிர்காலத்தில் கோதுமை விதைப்பார்கள். அடுத்த வயலில் வசந்தகாலப் பயிர், அதாவது பார்லி, பட்டாணி, அவரை போன்றவை. மூன்றாவது வயல் தரிசு. அடுத்த ஆண்டு இடம் மாறும்: கோதுமை விளைந்த வயலில் வசந்தப் பயிர், வசந்தப் பயிர் இருந்த வயல் தரிசு, தரிசாகக் கிடந்த வயலில் கோதுமை. ரசாயன உரம் இல்லாத காலத்தில் மண்ணுக்குத் தெம்பு திரும்ப இதுவே வழி. தரிசாகக் கிடக்கும் ஆண்டில் ஆடுமாடுகள் அங்கே மேய்ந்து எருவும் போட்டுவிட்டுப் போகும். இன்று அந்த மூன்றாவது ஆண்டில் நிலத்தை வெறுமனே விடாமல் பெரும்பாலும் தீவனப்புல் வளர்க்கிறார்கள். சுழற்சி மட்டும் மாறவில்லை.

ஒவ்வொரு வயலும் நீளமான பட்டைகளாகப் பிரிந்திருக்கும். ஒரு குடும்பத்துக்கு இருபது பட்டைகள் இருந்தால் அவை ஒரே இடத்தில் இருக்காது. மூன்று வயல்களிலும் சிதறிக் கிடக்கும். பார்த்தால் பைத்தியக்காரத்தனமாகத் தோன்றும். ஒரு பட்டையை முடித்துவிட்டு அரை மைல் நடந்துபோய் அடுத்ததை உழ வேண்டுமா? ஆனால் காரணம் உண்டு. மூன்று வயல் சுழற்சியில் ஒருவருடைய நிலம் முழுவதும் ஒரே வயலில் இருந்தால், அது தரிசாகும் ஆண்டில் அவர் பட்டினிதான். அப்புறம், லாக்ஸ்டன் மண் கெட்டியான களிமண்; மேட்டில் இருப்பது ஒரு மாதிரி, பள்ளத்தில் தண்ணீர் தேங்குவது வேறு மாதிரி. எல்லாருக்கும் நல்லதிலும் கெட்டதிலும் பங்கு கிடைக்க வேண்டும். ஒரு பக்கம் வெள்ளத்தில் அழுகினாலும் இன்னொரு பக்கம் பிழைக்கும். இதை ஒருவகைக் காப்பீடு என்றே சில பொருளாதார வரலாற்றாசிரியர்கள் சொல்கிறார்கள். இல்லை, வாரிசுகளுக்குப் பிரித்துப் பிரித்துத்தான் இப்படி ஆனது என்பவர்களும் உண்டு. இரண்டிலும் உண்மை இருக்கலாம்.

பட்டைகளின் வடிவத்துக்கும் ஒரு கதை இருக்கிறது. கனமான கலப்பையை இழுக்க எட்டு எருதுகள் வரை பூட்டுவார்கள். எட்டு எருதும் ஒரு விவசாயியிடம் இருக்காது. நாலு வீட்டு மாடுகளைச் சேர்த்துத்தான் ஓர் ஏர். அவ்வளவு நீளமான ஏரைச் சட்டென்று திருப்ப முடியாது. பட்டையின் முனை நெருங்கும்போதே வளைக்கத் தொடங்கிவிடுவார்கள். அதனால் பழைய பட்டைகள் நேர்கோடாக இல்லாமல் மெல்ல நெளிந்து கிடக்கும். மண்ணை எப்போதும் ஒரு பக்கமே புரட்டும் கலப்பை என்பதால், சுற்றிச் சுற்றி உழ உழ நடுவில் மண் சேர்ந்து மேடாகும். பின்னாளில் புல்வெளியாக மாறிப்போன இடங்களில்கூட அந்த மேடுபள்ளம் அலை அலையாக இன்றும் தெரிகிறது. நம் பத்திரங்களில் எழுதுகிறோமே, அந்த ஏக்கரும் இங்கிருந்து வந்ததுதான்: ஒரு ஃபர்லாங் (220 கஜம்) நீளம், அதில் பத்தில் ஒரு பங்கு அகலம். எருதுகளைக் கொண்டு ஒரு நாளில் உழக்கூடிய அளவு என்று கணக்கு.

சரி, வேலி இல்லை என்பதால் என்ன ஆகும்? அறுப்பு முடிந்ததும் ஊர் மாடுகளெல்லாம் தாளடியில் மேயும். யாரோ ஒருவர் மட்டும் இன்னும் அறுக்காமல் வைத்திருந்தால் அவர் கோதுமை மாட்டு வயிற்றில் போய்விடும். அவருக்காக மற்றவர்கள் காத்திருந்தால் மாடுகள் பசியோடு நிற்கும். ஆகவே எல்லாரும் ஒரே பயிர், ஒரே காலத்தில் விதைப்பு, ஒரே காலத்தில் அறுப்பு. இதில் தனி மனிதரின் விருப்பத்துக்கு இடம் குறைவு. புதிதாக ஒரு பயிரைச் சோதித்துப் பார்க்க நினைக்கும் கெட்டிக்கார விவசாயிக்கு இது பெரிய தலைவலியாகத்தான் இருந்திருக்கும்.

ஊர் நீதிமன்றம்

இப்படிப் பட்டையும் பட்டையும் ஒட்டிக் கிடந்தால் சண்டை வராமல் இருக்குமா? பக்கத்துப் பட்டையில் ஒரு சால் கூடுதலாக உழுதுவிட்டால் யாருக்குத் தெரியும்? ஆண்டுக்கு ஒரு சால் என்று வைத்துக்கொண்டால் பத்து ஆண்டில் கணிசமான நிலம் கைமாறிவிடும். இதைத் தடுக்கத்தான் கோர்ட் லீட் என்ற ஊர் நீதிமன்றம்.

இடைக்காலத்தில் இந்த நீதிமன்றங்கள் இங்கிலாந்து எங்கும் இருந்தன. பண்ணைப் பிரபுவின் பெயரால் நடக்கும். அவர் சார்பில் மேலாளர் ஒருவர் தலைமை ஏற்பார். தீர்மானிப்பவர்கள் ஊர்க்காரர்களைக் கொண்ட ஜூரிகள். வயல் தகராறு மட்டுமல்ல, ரொட்டியின் எடை சரியா, ஏல் என்ற மதுவின் தரம் சரியா என்பதைக்கூட விசாரித்திருக்கிறார்கள். காலப்போக்கில் இந்த வேலைகளை மாஜிஸ்ட்ரேட்டுகளும் உள்ளாட்சி மன்றங்களும் எடுத்துக்கொண்டன. 1894ல் வந்த சட்டம் கிராமங்களுக்குத் தேர்ந்தெடுக்கப்பட்ட பாரிஷ் கவுன்சில்களை, அதாவது நம் ஊர்ப் பஞ்சாயத்து போன்ற மன்றங்களைக் கொடுத்தது. 1977ல் இன்னொரு சட்டம் பழைய நீதிமன்றங்களில் பெரும்பாலானவற்றின் அதிகாரத்தை முடித்துவைத்தது. லாக்ஸ்டன் மட்டும் தன் வயல்களைத் தானே நிர்வகித்துக்கொண்டு தொடர்கிறது.

நடைமுறை இதுதான். நவம்பர் இறுதியில் ஒரு நாள் ஜூரிகள் வயலுக்குப் போவார்கள். புதிதாகக் கோதுமை விதைத்த வயலை மட்டும்தான் அந்த ஆண்டு பார்வையிடுவது. மூன்று ஆண்டில் மூன்று வயலும் ஒரு சுற்று வந்துவிடும். எல்லைகளைப் பார்த்து, தேவையான இடத்தில் மரக்குச்சி அடிப்பார்கள். யாராவது பொதுப்பாதையை உழுதிருக்கிறார்களா, வாய்க்காலைத் தூர்வாராமல் விட்டிருக்கிறார்களா என்று குறித்துக்கொள்வார்கள். முன்பு நடந்து போனார்கள், இப்போது டிராக்டரில் டிரெய்லர் கட்டிக்கொண்டு போகிறார்கள். அதற்கடுத்த வாரம் நீதிமன்றம் கூடும். இடம்? டவ்காட் இன் என்ற ஊர்ப் பப். அங்கே குற்றங்களை வாசித்து அபராதம் விதித்து, அடுத்த ஆண்டுக்கான ஜூரிகளுக்குச் சத்தியப்பிரமாணம் செய்துவைப்பார்கள். அபராதம் சிறு தொகைதான். காசைவிட, பக்கத்து நிலத்துக்காரர்கள் எல்லாரும் கூடியிருக்கும் அறையில் தன் பெயர் வாசிக்கப்படுகிறதே என்பதுதான் உறைக்கும்.

இன்னொன்றும் கவனிக்க வேண்டும். ஜூரிகளாக வருபவர்களும் அதே வயலில் நிலம் உழுகிறவர்கள்தான். இந்த ஆண்டு என்னுடைய எல்லையை நீ பார்த்தால், இன்னோர் ஆண்டு உன்னுடையதை நான் பார்ப்பேன். வெளியிலிருந்து ஓர் அதிகாரி வந்து அளந்தால் வராத நிதானம் இதில் வந்துவிடுகிறது.

உழ முடியாத ஈரப் பள்ளங்களும் சரிவுகளும் வயல்களுக்கு நடுவே புல்தரையாகக் கிடக்கின்றன. ஊர்க்காரர்கள் இவற்றை சைக் என்கிறார்கள். இந்தப் புல்லை ஆண்டுதோறும் கோடையில் ஏலம் விடுகிறார்கள். பல நூறு ஆண்டுகளாகக் கலப்பை படாததால் வேறெங்கும் அரிதாகிவிட்ட காட்டுப்பூக்கள் அங்கே இருக்கின்றன. அதனாலேயே இன்று அவை பாதுகாக்கப்பட்ட இடங்கள்.

அத்துமீறி மேய்ந்த மாட்டை அடைத்துவைத்த பட்டியும் ஊரில் உண்டு. அபராதம் கட்டினால்தான் மாட்டை மீட்க முடிந்தது. தமிழ்நாட்டில் மாட்டைப் 'பவுண்டில்' அடைப்பது என்று சொல்வார்களே, அந்த ஏற்பாட்டின் மூலம் இதுதான். 1871ல் வந்த கால்நடை அத்துமீறல் சட்டத்தில் ஆங்கிலேய அரசு இந்தியாவிலும் அதற்கு விதி வகுத்தது.

பொது மேய்ச்சல் நிலத்தைப் பற்றி 1968ல் கேரட் ஹார்டின் என்ற அமெரிக்க விஞ்ஞானி ஒரு வாதம் வைத்தார். எல்லாருக்கும் சொந்தமான புல்லில் ஒவ்வொருவரும் கூடுதலாக ஒரு மாட்டை விடுவார்கள், கடைசியில் புல்லே மிஞ்சாது என்றார். தர்க்கம் பளிச்சென்றுதான் இருக்கிறது. ஆனால் உண்மையான ஆங்கிலக் கிராமங்கள் அப்படிக் கண்ணை மூடிக்கொண்டு இருக்கவில்லை. பல ஊர்களில் ஒரு வீட்டுக்கு இத்தனை மாடு, இத்தனை ஆடு என்று வரம்பு இருந்தது. மீறினால் ஊர் நீதிமன்றம். பின்னாளில் உலகம் முழுக்க இப்படிப்பட்ட ஊர் ஏற்பாடுகளை ஆராய்ந்த எலினோர் ஆஸ்ட்ரமுக்கு 2009ல் பொருளாதார நோபல் கிடைத்தது.

பிரபுவும் குடியானவரும்

இதையெல்லாம் படித்துவிட்டு அந்தக் காலத்துக் கிராமம் ஒரு சமத்துவச் சொர்க்கம் என்று நினைத்துவிடக் கூடாது. லாக்ஸ்டனில் தேவாலயத்துக்கு வடக்கே ஒரு பெரிய மண்மேடு இருக்கிறது. பிரான்சின் நார்மண்டியிலிருந்து வந்த நார்மன்கள் 1066ல் இங்கிலாந்தைக் கைப்பற்றிய பிறகு எழுப்பிய கோட்டையின் எச்சம் அது. 1086ல் நார்மன் மன்னர் முதலாம் வில்லியம் எடுக்கச்சொன்ன நிலக்கணக்கெடுப்பில், முன்பு டோச்சி என்பவரிடம் இருந்த இந்த ஊர் ஜெஃப்ரி ஆல்செலின் என்ற நார்மன் பிரபுவின் கைக்கு வந்துவிட்டதாகப் பதிவாகியிருக்கிறது. பின்னாளில் இங்கே இருந்த பிரபுக் குடும்பங்கள் ஷெர்வுட் காட்டின் காவல் அதிகாரத்தையும் பரம்பரையாக வைத்திருந்தன. ராபின் ஹூட் கதையில் வருகிற அதே காடுதான்.

அடிமை நிலைக் குடியானவர் பிரபுவின் சொந்த நிலத்தில் கூலியில்லாமல் உழைக்க வேண்டும். அனுமதி இல்லாமல் ஊரைவிட்டுப் போக முடியாது. மகளுக்குக் கல்யாணம் செய்யப் பிரபுவுக்குப் பணம் கட்ட வேண்டும். குடியானவர் இறந்தால் வீட்டிலுள்ள சிறந்த மாடு பிரபுவுக்குப் போகும். விளைச்சலில் பத்தில் ஒரு பங்கு தேவாலயத்துக்கு. நிலமே இல்லாத ஏழைகளுக்கு வழக்கப்படி இருந்த சலுகை, அறுப்பு முடிந்த வயலில் சிதறிய கதிர்களைப் பொறுக்கிக்கொள்வது. பெண்களும் குழந்தைகளும் பொறுக்கிச் சேர்ப்பது குடும்பத்துக்குக் கணிசமான உணவாக இருந்தது. 1788ல் ஒரு வழக்கில், இதைச் சட்டப்படியான உரிமையாகக் கோர முடியாது என்று லண்டன் நீதிமன்றம் தீர்ப்பளித்தது.

அந்தத் தீர்ப்பு வந்தபோது பெரிய மாற்றம் ஏற்கெனவே வேகம் பிடித்திருந்தது. சிதறிய பட்டைகளைச் சேர்த்து, பொது மேய்ச்சலையும் பங்குபோட்டு, ஒவ்வொருவருக்கும் ஒரே இடத்தில் நிலம் கொடுத்து வேலி அடைப்பது. அதிக நிலம் வைத்திருப்பவர்கள் மனு போடுவார்கள், நாடாளுமன்றம் அந்த ஊருக்கென்று தனிச் சட்டம் இயற்றும், ஆணையர்கள் வந்து அளந்து பிரிப்பார்கள். 1604 முதல் 1914 வரை இப்படி 5,200க்கும் மேற்பட்ட சட்டங்கள் வந்தன. சுமார் 68 லட்சம் ஏக்கர் வேலிக்குள் போனது. மத்திய இங்கிலாந்தில் நாம் பார்க்கும் கட்டங்களில் பெரும்பகுதி அப்போது நட்ட முள்வேலிகள்தான். விளைச்சல் கூடியது என்பதை மறுக்க முடியாது. எவ்வளவு கூடியது, அது வேலியால் கூடியதா என்பதில் வரலாற்றாசிரியர்களுக்குள் இன்னும் தகராறு. தோற்றவர்கள் யார் என்பதில் அவ்வளவு தகராறு இல்லை. சிறு விவசாயிக்கு வேலி போடும் செலவே தாங்கவில்லை, பலர் விற்றுவிட்டுக் கூலிகளானார்கள். பொது நிலத்தில் ஒரு பசு மேய்த்துப் பிழைத்த குடிசைவாசிக்குச் சட்டப்படி நிலம் இல்லை என்பதால் பெரும்பாலும் ஒன்றும் கிடைக்கவில்லை.

லாக்ஸ்டன் ஏன் தப்பியது?

கொள்கைப் பிடிப்பினால் அல்ல. இங்கும் 18ஆம் நூற்றாண்டில் கணிசமான நிலம் வேலிக்குள் போகத்தான் செய்தது. மிச்சத்தையும் பிரித்திருப்பார்கள், ஆனால் ஊரின் நிலம் முக்கியமாக இரண்டு பிரபுக் குடும்பங்களிடம், பட்டைகள் ஒன்றோடொன்று பின்னிக் கிடக்கும்படி இருந்தது. எதை யாருக்குக் கொடுப்பது என்று மேன்வர்ஸ் குடும்பமும் ஸ்கார்பரோ குடும்பமும் கடைசிவரை ஒத்துப்போகவில்லை. இழுபறியிலேயே காலம் போய்விட்டது. 20ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் மேன்வர்ஸ் பிரபு தன் குத்தகைக்காரர்களின் சின்னப் பட்டைகளைச் சேர்த்துப் பெரிதாக்கினார். அதனால்தான் இன்று அங்கே போகிறவர்கள் எதிர்பார்ப்பதைவிட பட்டைகள் அகலமாக இருக்கின்றன. ஒருவகையில் அந்த மாற்றம்தான் முறையையே காப்பாற்றியது. டிராக்டர் திரும்ப இடமில்லாத பட்டையை யார் உழுவார்கள்?

பழைய நிலை எப்படி இருந்தது என்பது நமக்குத் துல்லியமாகத் தெரியும். 1635ல் மார்க் பியர்ஸ் என்ற நில அளவையர் லாக்ஸ்டனின் ஒவ்வொரு பட்டையையும் அளந்து வரைந்த பெரிய வண்ண வரைபடம் இன்றும் ஆக்ஸ்ஃபோர்டின் போட்லியன் நூலகத்தில் இருக்கிறது. எந்தப் பட்டை யாருடையது என்று கூடவே ஒரு பதிவேடும் உண்டு. மாடு மேய்ப்பவர்களையும், ஏர் ஓட்டுபவர்களையும்கூட அதில் வரைந்திருக்கிறார். வரையச் சொன்னவர் அப்போதைய ஊர் உரிமையாளர் சர் வில்லியம் கோர்ட்டன், லண்டனின் பெரும் வணிகர். அதே 1635ல் அவருடைய கூட்டமைப்பு, கிழக்கிந்தியக் கம்பெனிக்குப் போட்டியாக இந்தியக் கடற்கரையில் வியாபாரம் செய்ய முதலாம் சார்லஸ் மன்னரிடம் அனுமதி வாங்கியது. ஒரு கையில் கோவாவும் மலபாரும், இன்னொரு கையில் நாட்டிங்ஹாம்ஷயர் களிமண் பட்டைகள். அந்தக் கால மூலதனம் எங்கெல்லாம் கால் வைத்தது என்பதற்கு இதைவிட நல்ல உதாரணம் தேட வேண்டியதில்லை.

1952ல் மேன்வர்ஸ் பிரபு எஸ்டேட்டை விவசாய அமைச்சகத்துக்கு விற்றார். 1981ல் அது பிரிட்டிஷ் முடியாட்சியின் சொத்துகளை நிர்வகிக்கும் கிரவுன் எஸ்டேட்டுக்குப் போனது. 2018ல் கிரவுன் எஸ்டேட் விற்கப் போகிறோம் என்று அறிவித்தபோது ஊரில் கவலை எழுந்தது. புதிய உரிமையாளர் இந்தச் சுழற்சியை மதிப்பாரா? கடைசியில் 2020ல் வாங்கியது பழைய மேன்வர்ஸ் பரம்பரையின் தோர்ஸ்பி எஸ்டேட்டேதான்.

ஊருக்குப் போனால் கவனிக்க வேண்டியது முதலில் தெருவை. மற்ற ஊர்களில் வேலி வந்த பிறகு விவசாயிகள் தங்கள் நிலத்தின் நடுவிலேயே வீடு கட்டிக்கொண்டு போய்விட்டார்கள். ஊர்த்தெரு வெளியூருக்கு வேலைக்குப் போகிறவர்களின் அழகிய குடியிருப்பாக மாறியது. லாக்ஸ்டனில் நிலம் நாலாபக்கமும் சிதறிக் கிடப்பதால் ஊர் நடுவில் இருப்பதே எல்லாருக்கும் வசதி. பல பண்ணைவீடுகள் பக்கவாட்டுச் சுவரைத் தெருவுக்குக் காட்டிக்கொண்டு நிற்கின்றன, பின்னால் நீளமான முற்றமும் கொட்டகையும். சாலையில் டிராக்டர் சேறு இருக்கும். நல்ல காலணி போட்டுக்கொண்டு போவது உத்தமம். இதே ஊரின் எல்லைக்குள், நாஜிகள் யூதர்களைக் கொன்ற இனப்படுகொலையை நினைவுகூரும், 1995ல் திறந்த ஹோலோகாஸ்ட் அருங்காட்சியகமும் இருக்கிறது என்பது வருகிறவர்கள் பலர் எதிர்பார்க்காத ஒன்று.

டவ்காட் இன் பக்கத்தில் சிறிய பார்வையாளர் மையம் உள்ளது. அங்கிருந்து மூன்று வயலுக்கும் நடைபாதை உண்டு. கோடையில் போனால் பயிரின் நிறத்தை வைத்தே எந்த வயல் எந்த ஆண்டில் இருக்கிறது என்று கண்டுபிடித்துவிடலாம். கோதுமை நிற்கும் வயலைத்தான் முந்தைய நவம்பரில் ஜூரிகள் டிரெய்லரில் சுற்றிப் பார்த்திருப்பார்கள்.